இரவல் அம்மாக்கள் என்ற அத்தியாயம்

நான் பொய்யன். மூன்று புத்தகங்கள் எழுதியிருக்கிறேன். மூன்றிலும் ஒரே பொய்யைச் சொல்லியிருக்கிறேன். அது போதாதென்று, என்னை இந்த நாட்டுக்குக் கொண்டுவந்து சேர்த்த ஒரு பெண்ணை, காசுக்குப் பிள்ளை கடத்துகிறவள் என்று அச்சில் ஏற்றியவனும் நானே.

சொல்லிவிட்டேன்... இவ்வளவுதானா! இதைச் சொல்லவா இத்தனை வருடம் தொண்டைக்குள் வைத்துக்கொண்டு திரிந்தேன்?

உங்களுக்கு என்னைத் தெரிந்திருக்கலாம். லண்டனில் அரசியல் எழுதிப் பிழைக்கும் பத்திரிகையாளன் நான். ஆங்கிலத்தில்தான் எழுதுவேன். முதல் புத்தகம் குடிவரவு பற்றியது. இரண்டாவது, ஒரு தேசம் தன்னை எப்படி அடையாளம் கண்டுகொள்கிறது என்பது பற்றி. மூன்றாவது பொருளாதாரம், வந்து குடியேறியவர்களால் இந்த நாட்டுக்கு இலாபமா நட்டமா என்று ஆட்களை அங்கும் இங்குமாகப் பிரித்து நிறுத்துகிற புத்தகம். தேர்தல் நெருங்கினால் தொலைக்காட்சியில் கூப்பிடுவார்கள். தாங்கள் சொன்னால் வம்பு என்று வெள்ளைக்காரர்கள் தயங்குகிற சங்கதிகளை என் வாயால் சொல்லவைப்பார்கள். நானும் சொல்லுவேன். வெட்கமில்லாமல், வெகு நன்றாகவே சொல்லுவேன்!

என் மூன்று புத்தகங்களிலும் ஒரு வாக்கியம் உண்டு. 'என் குடும்பம் வரிசையில் நின்று, முன்வாசலால் இந்த நாட்டுக்குள் வந்தது.' கூட்டங்களில் அதைச் சொன்னதும் கைதட்டுவார்கள். கைதட்டல் அடங்கும்வரை தலையைக் கொஞ்சம் குனிந்துகொள்வேன். அந்தக் குனிவைக் கண்ணாடி முன்னால் பழகியிருக்கிறேன் என்றால் நம்புவீர்களா?

நாங்கள் வரிசையில் நின்றதே இல்லை.

எனக்கு ஏழு வயது. யாழ்ப்பாணத்திலிருந்து வந்து, கொழும்பில் ஒரு லொட்ஜில் அம்மாவோடு தங்கியிருந்தேன். அப்பா இன்னும் ஊரில். எங்களை அனுப்புவதாகச் சொன்ன ஏஜென்ற் ஆளையே காணவில்லை. அதே லொட்ஜில், எங்களுக்குப் பக்கத்து அறையில், லண்டனிலிருந்து வந்த தவமணி அன்ரி இருந்தார். அவருக்கும் கணவருக்கும் இங்கே வதிவிட அனுமதி கிடைத்திருந்தது. ஊரில் தமையனிடம் விட்டுவந்த மகனைக் கூட்டிப்போக வந்திருந்தார். மகனின் பெயர் முகுந்தன். அவனுக்கும் ஏழு வயது. சண்டையில் பாதை பூட்டியிருந்ததால் தமையன் பிள்ளையைக் கொழும்புக்குக் கொண்டுவர முடியாமல் நாள் தள்ளிக்கொண்டே போயிற்று.

பாதை திறந்ததும் தமையன் வந்தார். தனியாக வந்தார். பிள்ளைக்கு நெருப்புக் காய்ச்சல். ஆஸ்பத்திரியில் மருந்து இல்லை. எல்லாம் முடிந்து, எரித்தும் ஆகிவிட்டது.

அன்றைக்கு அந்த அறையிலிருந்து கேட்ட சத்தத்தை நான் என் எந்தப் புத்தகத்திலும் எழுதவில்லை. இங்கேயும் எழுதப்போவதில்லை.

சில நாள் கழித்து, தவமணி அன்ரி எங்கள் அறைக்கு வந்து கதவோரம் நின்றார். அம்மாவிடம் சொன்னது எனக்கு இன்றும் அப்படியே கேட்கிறது.

"என்ரை பாஸ்போட்டிலை பிள்ளையின்ரை பேர் இருக்கு. ரிக்கற்றும் இருக்கு. வீணாய்ப் போகுது. உங்கடை மகனைத் தாங்கோ, நான் கொண்டுபோறன்."

அந்தக் காலத்தில் தாயின் பாஸ்போட்டில் பிள்ளையின் பெயரையும் பிறந்த திகதியையும் மட்டும் எழுதுவார்கள், படம் கிடையாது. பிள்ளை என்று எழுதியிருந்தது, பிள்ளையாக நான் நின்றேன். அம்மா அவரின் காலில் விழப்போனார். அவர் விடவில்லை. ஒரு சதம் வாங்கவில்லை. எங்களிடம் கொடுக்கவும் ஒன்றும் இருக்கவில்லை.

விமானத்தில் அவரை 'அம்மா' என்றுதான் கூப்பிடவேண்டும் என்று சொல்லித்தந்திருந்தார்கள். கூப்பிட்டேன். தண்ணீர் வேண்டும் அம்மா. காது அடைக்குது அம்மா. ஒவ்வொரு முறையும் அவர் மறுபக்கம் திரும்பி, பிறகுதான் என்னைப் பார்த்தார். ஹீத்ரோவில் அதிகாரி குனிந்து என் பெயரைக் கேட்டபோது, முகுந்தன் என்றேன். அவர் சிரித்து, முத்திரை குத்தினார். வெளியே அன்ரியின் கணவர் நின்றார். செய்தி அவருக்கு முன்பே போயிருந்தது. என்னைப் பார்த்தார். பார்த்துக்கொண்டே நின்றுவிட்டு, என் கையிலிருந்த பையை வாங்கிக்கொண்டார்.

அந்தக் குளிர்காலம் முழுவதும் லண்டனின் கிழக்கோரம், குட்மேய்ஸில் அவர்கள் வீட்டில் இருந்தேன். முகுந்தனுக்கென்று வாங்கிவைத்த சுவெற்றரைப் போட்டேன். முகுந்தனுக்கென்று போட்ட கட்டிலில் படுத்தேன். பிறகு என் பெற்றோர் வேறொரு வழியாக வந்து சேர்ந்தார்கள். நானும் தங்களோடு வந்ததாகவே குடிவரவு அதிகாரிகளுக்கு எழுதிக்கொடுத்து, ஃபாரஸ்ட் கேட் பகுதியில் தாங்கள் பிடித்த வீட்டுக்குக் கூட்டிப்போனார்கள். ஒருநாள் நான் வாய்தவறி, "அம்மா வீட்டை எப்ப போவம்?" என்று என்னைப் பெற்றவளிடமே கேட்டேன். அதோடு அன்ரி வீட்டுக்குப் போக்குவரத்து நின்றது. இதை யாருக்கும் சொல்லாதே என்று அம்மா அடித்துச் சொன்னார். பெற்றோர் இருவரும் காலமாகிவிட்டார்கள். அன்ரியின் கணவரும் தமையனும் போய்விட்டார்கள். இந்த உலகத்தில் இது தெரிந்தவர்கள் பிறகு இரண்டு பேர்தான்.

இதுவரை நான் செய்தது குற்றமில்லை என்று நீங்கள் சொல்லக்கூடும். ஏழு வயதுப் பிள்ளை என்ன செய்யும்? சரி. ஆனால் நாற்பதை நெருங்கிய பத்திரிகையாளன் செய்ததைக் கேளுங்கள்.

முதல் புத்தகத்தை எழுதிக்கொண்டிருந்தேன். எல்லையில் சொல்லப்படும் பொய் ஒரு நாட்டின் நம்பிக்கையையே அரித்துவிடும் என்பது அதன் வாதம். வாதம் நன்றாக இருந்தது, உயிர் இல்லை. ஒரு முகம் வேண்டும், ஒரு காட்சி வேண்டும் என்று பதிப்பாளர் நச்சரித்தார். எனக்கு அரியண்டமாக இருந்தது. அப்போது... எத்தனை இலகுவாக அந்த முகம் வந்தது! சின்னக் கல்வைத்த மூக்குத்தி. கறுப்புக் கம்பளிக் கோட்டு. பிள்ளையின் கையைப் பிடிக்காமல் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு விமானத்திலிருந்து இறங்குகிற ஒரு பெண். 'அந்த விரல்களில் பாசம் இல்லை. கொண்டுவந்த சரக்கு கைநழுவிவிடுமோ என்ற பயம் மட்டுமே இருந்தது' என்று எழுதினேன். ஒரு தலைக்கு இவ்வளவு என்று வாங்குகிறவள் என்றும் எழுதினேன். அந்த அத்தியாயத்துக்கு 'இரவல் அம்மாக்கள்' என்று தலைப்பு வைத்தேன்.

அந்த ஒரு அத்தியாயத்தைத்தான் பத்திரிகைகள் எடுத்துப் போட்டன. நாடாளுமன்றத்தில்கூட யாரோ வாசித்தார்களாம். எனக்குப் பெயர் வந்தது அதனால்தான்.

நான் ஏன் அப்படிச் செய்தேன்? பல தடவை என்னையே கேட்டிருக்கிறேன். மறதியா? இல்லை. எழுதும்போது ஒவ்வொரு வரியிலும் அவரின் மணம்கூட எனக்கு வந்தது. பயமா? கொஞ்சம். என்னை யாரும் சந்தேகப்படக்கூடாதென்றால், என்னைப்போல் வந்தவர்கள்மேல் நானே முதலில் கல்லெறிய வேண்டும் என்று நினைத்தேனோ... ஆனால் உண்மையான காரணம் அதைவிடக் கேவலமானது. அதை அவரிடமே சொல்லவேண்டி வந்தது. சொல்கிறேன்.

மூன்றாவது புத்தகம் வெளிவந்த பிறகு, குட்மேய்ஸுக்குப் பக்கத்தில் ஒரு நூலகத்தில் என்னைப் பேசக் கூப்பிட்டார்கள். மத்தியானக் கூட்டம். வரவு செலவு, வரிப்பணம், வீட்டுத் தட்டுப்பாடு என்று வெளுத்துவாங்கினேன். முடிந்ததும் கையெழுத்துக்கு நின்றவர்களின் கடைசியில் ஒரு வயதான அம்மா நின்றார். கையில் புத்தகம் இல்லை. மூக்குத்தியைக் கண்டதும் பேனாவை மூடிவிட்டு எழுந்தேன்.

"தம்பி, உம்மடை முதல் புத்தகத்திலை ஒரு மனுசி வாறா. காசு வாங்கினவ எண்டு எழுதியிருக்கிறீர்" என்றார் தவமணி அன்ரி. "எவ்வளவு வாங்கினவ?"

சத்தம் போடவில்லை. விலை கேட்பதுபோலத்தான் கேட்டார்.

"அன்ரி... அது உங்களைப் பற்றி இல்லை. பொதுவாய் எழுதினது."

"அப்பிடியே? உம்மை ரிவியிலை கண்டாப்போலை ஆசையிலை அந்தப் புத்தகத்தை எடுப்பிச்சனான். எதிர்வீட்டுப் பிள்ளைதான் வாசிச்சுத் தமிழிலை சொன்னவள்." கைப்பையைத் தோளில் மாட்டினார். "சரி, நான் வாறன். பஸ் வந்திடும்."

பாருங்கள்! அவர் முகத்துக்கு நேரே நின்றும் பொய் சொன்னேன். ஆசையிலை எடுப்பிச்சனான் என்றாரே, அந்த ஒரு சொல் என்னை விடவில்லை. சாப்பிட உட்கார்ந்தால் அது வந்தது. கட்டுரை எழுத உட்கார்ந்தால் அது வந்தது. அடுத்த ஞாயிற்றுக்கிழமை காலை அவர் வீட்டு மணியை அடித்தேன். அதே வீடுதான்.

உள்ளே கூப்பிட்டுத் தேநீர் தந்தார். நான் குடிக்கவில்லை.

"அன்ரி, அது நீங்கள்தான்."

"எனக்கு அது தெரியாதே? நான் ஏன் மணிக்கட்டைப் பிடிச்சனான் எண்டு தெரியுமோ உனக்கு?" நீர் என்றவர் நீ என்று வந்திருந்தார். "கையைப் பிடிச்சால் அது அவன்ரை கை இல்லை எண்டு எனக்குத் தெரிஞ்சிடும். பிளேனிலை நான் கத்திப்போடுவன் எண்டு பயம். அதுதான்."

நான் எங்கே பார்ப்பது என்று தெரியாமல் தரைவிரிப்பைப் பார்த்தேன்.

"போகட்டும். காசு வாங்கினதெண்டு ஏன் எழுதினனீ?"

அப்போதுதான் அந்தக் காரணத்தைச் சொன்னேன். உங்களுக்கும் சொல்கிறேன். காசு வாங்காமல், ஒரு இலாபமும் இல்லாமல், தன் பிள்ளை செத்த கையோடு இன்னொருத்தியின் பிள்ளையைத் தூக்கிவந்த ஒரு பெண் உண்மையிலேயே இருக்கிறாள் என்றால், என் புத்தகம் நிற்காது. என் வாதத்தில் அவளுக்கு இடமில்லை. மூன்று புத்தகங்களிலும் இடமில்லை. அதனால் அவளைக் காசு வாங்கவைத்தேன்.

"உங்களை உள்ளபடி எழுதினால் என்ரை புத்தகம் பிழைச்சுப்போம், அன்ரி" என்றேன்.

அவர் கோபப்படுவார் என்று காத்திருந்தேன். அழுவார் என்று காத்திருந்தேன். இரண்டும் நடக்கவில்லை. "தேத்தண்ணி ஆறுது, குடி" என்றார். குடித்து முடித்த பிறகுதான், தனக்கு வேண்டியதைக் கேட்டார்.

எங்கள் ஆட்களிடம் ஒரு வழக்கம் உண்டு. ஒருவர் இறந்தால், முப்பத்தோராம் நாள் கிரியை முடிந்து சாப்பிட வந்தவர்களுக்கு ஒரு சிறு நினைவுப் புத்தகம் கொடுப்பார்கள். இறந்தவரின் படம், பிறந்த நாள், இறந்த நாள், வாழ்ந்த கதை, வம்சாவளி, நாலு தேவாரம், கடைசியில் நன்றி. கல்வெட்டு என்று அதற்குப் பெயர். லண்டனில் எந்தத் தமிழ் வீட்டு அலுமாரியைத் திறந்தாலும் அதில் பத்துக் கல்வெட்டாவது கிடக்கும்.

"என்ரை பிள்ளைக்குக் கல்வெட்டு அடிக்கேல்லை" என்றார். "ஒரு திவசம்கூட ஆக்களைக் கூப்பிட்டுச் செய்யேல்லை. எப்பிடிச் செய்யிறது? செத்த திகதி போடவேணும். செத்த பிறகு அவன் லண்டனுக்கு வந்திருக்கிறான் எல்லே. கேக்கிற ஆக்களுக்கு, ஊரிலை அண்ணையோடை இருக்கிறான் எண்டு சொன்னனான். பிறகு ஒருத்தரும் கேக்கேல்லை. நீ மூண்டு புத்தகம் எழுதினனீ. இதையும் எழுதித் தா."

எனக்கு முதலில் என்ன தோன்றியது என்று சொல்லவா? அவருடைய துக்கம் அல்ல. அந்தச் சின்னப் புத்தகம் எவனாவது ஒரு சக பத்திரிகையாளன் கையில் கிடைத்தால் என் கதி என்ன என்பதுதான். "உங்களுக்குப் பிரச்சினை வரும், அன்ரி" என்று அக்கறைபோல் சொன்னேன்.

"என்னை எங்கை அனுப்பப் போறாங்கள்? அனுப்பினால் ஊருக்கு ரிக்கற் மிச்சம்." சிரித்தார். "உனக்குத்தான் யோசினை. யோசிச்சுச் சொல்லு."

யோசித்தேன். இத்தனை வருடமும் என் ஒரு வாக்கியம் வாழ்வதற்காக, அவரின் பிள்ளை சாகாமல் இருந்திருக்கிறான். அதாவது, அவனுக்காக வாய்விட்டு அழ அவருக்கு ஒரு நாள்கூட இல்லை. நான் கையெழுத்துப் போட்டுக்கொண்டு திரிந்த ஒவ்வொரு கூட்டத்துக்கும் அந்தத் தாய்தான் விலை கொடுத்திருக்கிறார்... இதில் யோசிக்க என்ன இருக்கிறது?

"எழுதித்தாறன், அன்ரி" என்றேன்.

அந்த வீட்டைவிட்டு வெளியே வந்து பஸ் தரிப்பில் நின்றபோது எனக்குப் பசித்தது. நீங்கள் சிரிக்கலாம். அந்த வாரம் முழுக்க ஒழுங்காகச் சாப்பிடாதவன் நான். பக்கத்துக் கடையில் இரண்டு ரோல்ஸ் வாங்கி, சுடச்சுட, நின்றபடியே சாப்பிட்டேன். நெஞ்சிலிருந்து எதையோ இறக்கிவைத்தாற்போல் இருந்தது. வெட்கத்தோடுதான் சொல்கிறேன், சந்தோஷமாகவே இருந்தது!

தேசங்களைப் பற்றி முந்நூறு பக்கம் மூச்சுவிடாமல் எழுதுகிறவனுக்கு, ஏழு வயதுப் பிள்ளை ஒருவனைப் பற்றி ஒரு பக்கம் எழுத வரவில்லை. அவனுடைய பெயரைச் சொல்லித்தான் இந்த நாட்டில் கால்வைத்தேன். அவனைப் பற்றி எனக்கு ஒன்றுமே தெரியாது. பல ஞாயிற்றுக்கிழமைகள் போய் உட்கார்ந்து கேட்டேன். சோறும் குழம்பும் ஒன்றோடொன்று படக்கூடாது, பட்டால் சாப்பாட்டுக் கோப்பையைத் தள்ளிவிடுவானாம். பல்லிக்கெல்லாம் பெயர் வைப்பானாம். பஸ்ஸில் ஏறினால் கொண்டக்டரிடம், இது லண்டனுக்குப் போகுமா என்று கேட்பானாம். சொல்லச்சொல்ல அன்ரியின் குரல் திறந்துகொண்டு வந்தது. சில இடங்களில் விழுந்து விழுந்து சிரித்தார். எதிர்வீட்டுப் பெண் ஒருநாள் எட்டிப்பார்த்து, என்ன விசேஷம் என்று கேட்டாள்.

இதற்கிடையில் பதிப்பாளரிடமும் போய் எல்லாவற்றையும் கொட்டினேன். என் வேலை போச்சு என்று நினைத்தேன். அவர் கண்கள் மின்ன, அடுத்த புத்தகம் இதுதான் என்றார்! எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. மாட்டேன் என்றேன். அந்த அத்தியாயத்தை இனி அச்சிடும் பிரதிகளில் எடுத்துவிடுவதாக ஒப்புக்கொண்டார். அந்த வாக்கியத்தையும் மூன்று புத்தகங்களிலும் நீக்கச் சொல்லிவிட்டேன். ஆனால் விற்றவை விற்றவைதான். அவை வீடுகளிலும் நூலகங்களிலும் இருக்கின்றன. இன்றைக்கும் எவரோ ஒருவர் 'இரவல் அம்மாக்க'ளை வாசித்து, சரியாகத்தான் சொல்கிறான் என்று தலையாட்டிக்கொண்டிருப்பார். அவரை நான் எங்கே போய்த் தேடுவது?

கல்வெட்டின் பிரதியை அன்ரியிடம் கொண்டுபோனேன். மூக்குக்கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, விரலை வரிகளின் கீழ் ஓட்டி, ஒவ்வொரு சொல்லாக வாசித்தார். இறந்த திகதியில் விரல் நின்றது. அதைத் தடவினார். பிறகு வம்சாவளிப் பக்கத்துக்கு வந்தார். அங்கே நான் ஒரு வேலை செய்திருந்தேன். தாய், தகப்பன், மாமன் என்ற பெயர்களின் கீழே, 'உடன்பிறவாச் சகோதரன்' என்று என் பெயரையும் போட்டிருந்தேன். கடைசிப் பக்கம் முழுக்க அவரிடம் மன்னிப்புக் கேட்டு எழுதியிருந்தேன். என் எழுத்திலேயே அதுதான் நல்ல பக்கம் என்று எனக்கொரு பெருமை.

பேனா கேட்டார். என் பெயரை ஒரே கோட்டில் வெட்டினார். கடைசிப் பக்கத்தை வாசித்து முடித்து, குறுக்காக ஒரு கோடு போட்டார்.

"இது வேண்டாம். இது என்ரை பிள்ளையின்ரை புத்தகம். உன்ரை கதையை நீ வேறை எங்கையும் எழுது. என்ரை பேரையும் அவன்ரை பேரையும் போட்டே எழுது."

அதனால்தான் இதை இங்கே எழுதுகிறேன். அந்தப் பக்கத்துக்கு அங்கே இடம் கிடைக்கவில்லை. உங்களிடம் கொண்டுவந்திருக்கிறேன்.

முகுந்தனின் திதியன்று கோயில் மண்டபத்தில் சாப்பாடு. எதிர்பார்த்ததைவிடச் சனம் கூட. ஐயர் முகுந்தனின் பெயரைச் சொல்லிப் பூசை செய்தபோது அன்ரி வாய்விட்டு அழுதார். யாரும் தடுக்கவில்லை. நெடுநாள் கழித்து அழுகிற அழுகை என்று எல்லாருக்கும் விளங்கியது. பிறகு முகத்தைக் கழுவிக்கொண்டு வந்து பந்தியில் நின்றார். நான் வாசலில் நின்று வந்தவர்களுக்குக் கல்வெட்டைக் கொடுத்தேன். என்னைத் தொலைக்காட்சியில் பார்த்த ஒரு பெரியவர், புத்தகத்தைப் புரட்டிப்பார்த்துவிட்டு, அன்ரியிடம் போனார்.

"இந்தத் தம்பி உங்களுக்கு என்ன முறை, அக்கா?"

பந்தியில் பாதிப் பேர் நிமிர்ந்து பார்த்தார்கள்.

"முறை ஒண்டுமில்லை" என்றார் தவமணி அன்ரி, எல்லாருக்கும் கேட்கும்படி. "என்ரை பிள்ளை செத்தாப்பிறகு, அவன்ரை பேரிலை இந்த நாட்டுக்கு வந்தவர்."

பெரியவர் என்னைப் பார்த்தார். நான் தலையைக் குனியவில்லை. ஓம், வந்தனான் என்றேன். அத்தனை பேர் முன்னாலும் ஓடாமல் நின்றேன். மூச்சு இயல்பாக வந்தது. அன்ரி பாயாச வாளியைத் தூக்கிக்கொண்டு அடுத்த இலைக்குப் போனார். என் பக்கம் திரும்பிப் பார்க்கவில்லை.